ஓர் அறையில் 36 பேர்

சோதனைப் படம் என்றதும் "நமக்குப் புரியாதுப்பா" என்று எழுந்து போகிறீர்களா? டீயை முடிக்கும் வரையாவது உட்காருங்கள். 'டாங்கோ'வில் புரியாமல் போக எதுவும் இல்லை. போலந்துக்காரர் ஸ்பிக்நியூ ரிப்சின்ஸ்கி எடுத்த எட்டு நிமிடப் படம். 1983இல் சிறந்த அனிமேஷன் குறும்படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது.

சாதாரண வீட்டு அறை ஒன்று. கேமரா இருந்த இடத்தை விட்டு அசையாது. ஜன்னல் வழியே ஒரு பந்து வந்து விழுகிறது. பையன் ஒருவன் ஏறிக் குதித்து அதை எடுத்துக்கொண்டு போகிறான். போன கையோடு பந்து மறுபடி வருகிறது, அவனும் வருகிறான். இதற்குள் கைக்குழந்தையோடு ஒரு பெண். அலமாரி மேல் பொட்டலம் வைக்கிற ஒருவர், அதைத் தூக்கிப்போகிற திருடன், பல்பு மாற்ற ஏறி விழுகிறவர் என்று 36 பேர் சேர்ந்துவிடுகிறார்கள். எல்லோரும் செய்ததையே திரும்பத் திரும்பச் செய்கிறார்கள். ஒருவர் மூச்சு இன்னொருவர் மேல் படும் நெருக்கம். ஆனால் யாரும் யாரையும் பார்ப்பதில்லை, இடித்துக்கொள்வதும் இல்லை.

எப்படி இடிப்பார்கள்? அவர்கள் சேர்ந்து நின்றதே கிடையாது. தனித்தனியாகப் படம்பிடித்து ஒட்டியது. கம்ப்யூட்டரில் இப்படி ஒட்டும் வசதி வராத காலம். சுவரில் சின்னம் அடிப்பவர் தகடு வெட்டி வைத்துக்கொள்வாரே, அதுபோல ரிப்சின்ஸ்கி ஒவ்வொரு ஆளின் உருவத்துக்கும் ஃபிரேம் ஃபிரேமாகக் கையால் மறைப்பு வரைந்தார். அந்த இடத்தில் மட்டும் ஒளி விழும்படி ஒரே ஃபிலிமை மீண்டும் மீண்டும் ஓட்டினார். சுமார் 16,000 மறைப்புகள், நாளுக்கு 16 மணி நேரம், ஏழு மாதம்.

சோஷலிசப் போலந்தின் வீட்டு நெருக்கடியை இந்தப் படம் சொல்கிறது என்பார்கள். இருக்கலாம். எனக்கு இந்தச் செய்முறையே போதும். பக்கத்தில் ஆளே இல்லாமல் நடித்தவர்களைக் கூட்டமாக்கியதில்தான் அந்த அந்நியம் வருகிறது; நடிப்பில் இதைக் கொண்டுவந்திருக்க முடியாது.

(ஆஸ்கர் இரவில் புகைக்க வெளியே போன ரிப்சின்ஸ்கியைக் காவலர்கள் திரும்ப உள்ளே விடவில்லை. தகராறாகி, லாக்கப்பில் முடிந்தது.)

இரண்டு தடவை பாருங்கள். இரண்டாம் தடவை ஒரே ஆளை மட்டும் பின்தொடருங்கள். பல்புக்காரர் என் சிபாரிசு. படுக்கைக் காட்சி ஒன்று உண்டு, பிள்ளைகளை உட்கார வைத்துப் போட்டுவிடாதீர்கள்.