இருமடங்குக் கோட்டுக்கு அப்பால்

1938-ஆம் ஆண்டு ராஜாஜி தலைமையிலான அமைச்சரவை சென்னை மாகாணத்தில் நிறைவேற்றிய விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தின் 8-ஆம் பிரிவு, 1932 அக்டோபர் 1-க்கு முன் வாங்கிய கடனுக்காக ஒரு விவசாயி அசலாகவோ வட்டியாகவோ இரண்டுமாகவோ அசலைப் போல் இருமடங்கு செலுத்தியிருந்தால், எஞ்சிய பாக்கி எவ்வளவாக இருந்தாலும் அக்கடன் முற்றிலும் தீர்ந்ததாகவே கொள்ளப்படும் என்று விதித்தது. கூட்டுறவுச் சங்கக் கடன்களுக்கு விலக்கு இருந்தபோதிலும், தனியார் வட்டிக்கடைகளின் பிடியில் கிடந்த நிலங்கள் பலவற்றை அந்த விதி மீட்டுக்கொடுத்தது. அதன் பின்னணியில் இருந்த எண்ணம் அதைவிடப் பழையது. வட்டி அசலை மிஞ்சலாகாது என்னும் தர்மசாஸ்திர மரபை, தாம்துபத் என்ற பெயரில், பம்பாய் மாகாண நீதிமன்றங்கள் ஆங்கிலேயர் காலத்திலும் பின்பற்றி வந்தன. சென்னை நீதிமன்றங்கள் அதைப் பொதுவாக ஏற்கவில்லை. ஆக, கடனுக்கு ஓர் இருமடங்குக் கோடு உண்டு என்பதும், அதைக் கடந்து வாங்குவது அறமன்று என்பதும் இந்நாட்டில் நீண்ட காலம் வழங்கிவந்த கருத்துகள். இன்றைய வீட்டுக்கடன் அந்தக் கோட்டைச் சத்தமில்லாமல் கடக்கிறது, சட்டப்படியே கடக்கிறது, கடன் வாங்குவோரில் பலர் அதை உணர்வதேயில்லை.

கணக்கு இதுதான். ஆண்டுக்கு 9 சதவீத வட்டியில், 20 ஆண்டுகளில் திருப்பிச் செலுத்துவதாக, 30 லட்சம் ரூபாய் வாங்கினால் மாதத் தவணை ஏறத்தாழ 26,992 ரூபாய் ஆகும். 240 தவணைகளின் கூட்டுத்தொகை சுமார் 64 லட்சத்து 78 ஆயிரம். அதாவது அசலைப் போல் 2.16 மடங்கு. செலுத்திய பணம் அசலின் இருமடங்கை எட்டுவது 223-ஆம் தவணையில். அதற்குப் பிறகும் 17 தவணைகள் காத்திருக்கின்றன. 1938-ஆம் ஆண்டுச் சட்டத்தின் அளவுகோலை வைத்துப் பார்த்தால், அந்தப் பதினேழு மாதமும் தீர்ந்துபோன கடனுக்குச் செலுத்தும் பணம்.

இந்தப் பெருக்கத்துக்கு வட்டி விகிதத்தைவிடக் காலமே பெரிய காரணம் என்பது தவணையின் உட்பிரிவைப் பார்த்தால் விளங்கும். ஒவ்வொரு மாதமும் எஞ்சியுள்ள அசலின்மீது வட்டி கணக்கிடப்பட்டு, தவணையில் முதலில் அந்த வட்டி கழிக்கப்பட்டு, மிச்சம் மட்டுமே அசலில் சேர்கிறது. மேற்சொன்ன கடனில் முதல் மாத வட்டி 22,500 ரூபாய் ஆகையால் அசலில் குறைவது 4,492 ரூபாய்தான். ஐந்து ஆண்டுகள் தவறாமல் செலுத்தியபின் கையை விட்டுப் போன பணம் சுமார் 16 லட்சத்து 19 ஆயிரமாக இருக்க, அசலில் கரைந்திருப்பது 3 லட்சத்து 39 ஆயிரத்தை எட்டாது. தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை முந்துவதற்கு 149-ஆம் மாதம், அதாவது பன்னிரண்டரை ஆண்டுக்குச் சற்று முந்திய ஒரு மாதம், வர வேண்டும். இடையில் ஏழெட்டு ஆண்டுகளில் வீட்டை விற்க நேர்ந்தவர், இத்தனை காலம் கட்டியும் பாக்கி இவ்வளவா என்று வங்கிக் கிளையில் திகைத்து நிற்பது வங்கியின் சூழ்ச்சியால் அன்று, இந்தக் கணிதத்தால்.

காலத்தை நீட்டுவது தவணையைக் குறைக்கும் என்பதால் அது சலுகைபோல் தோன்றுகிறது. அதே 30 லட்சத்தை 15 ஆண்டுகளில் அடைத்தால் தவணை 30,428 ரூபாய், மொத்த வட்டி 24 லட்சத்து 77 ஆயிரம். 20 ஆண்டு என்றால் வட்டி 34 லட்சத்து 78 ஆயிரம். 30 ஆண்டு என்றால் தவணை 24,139-ஆக இறங்கி, வட்டி ஏறத்தாழ 57 லட்சமாக ஏறுகிறது. இருபதிலிருந்து முப்பதுக்குப் போகிறவர் மாதம் 2,853 ரூபாய் மிச்சம் பிடிப்பதற்காக 22 லட்சம் கூடுதலாகத் தருகிறார். விற்பனைப் பிரதிநிதிகள் காட்டும் தாளில் முதல் எண் பெரிய எழுத்தில் இருக்கும். இரண்டாவது எண்ணைக் கேட்டுத்தான் வாங்க வேண்டும். 2024 அக்டோபர் 1 முதல், கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு வட்டி வீதத்தையும் தவணை அட்டவணையையும் கொண்ட முக்கிய விவரக் குறிப்பைக் கடன் வாங்குபவரிடம் தர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி கட்டாயமாக்கியிருப்பது இந்தக் குறையை ஓரளவு தீர்க்கிறது.

இந்தியாவில் வீட்டுக்கடன்கள் பெரும்பாலும் மாறும் வட்டியில் தரப்படுபவை. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் வழங்கும் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ஒரு வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரிசர்வ் வங்கி பிற வங்கிகளுக்குக் குறுகிய காலக் கடன் தரும் ரெப்போ விகிதத்தோடு, இணைக்கப்பட்டுள்ளன. அந்த விகிதம் 2020 மே முதல் ஈராண்டுகள் 4 சதவீதத்தில் நின்று, 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதமாக ஏறியது. அந்த ஏற்றம் கடன் கணக்கில் செய்யும் வேலையை ஓர் எடுத்துக்காட்டால் காணலாம்: 30 லட்சத்தை 7 சதவீதத்தில் 20 ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை 23,259 ரூபாய், ஓராண்டு முடிந்ததும் வட்டி ஒரே மூச்சில் 9.5 சதவீதமானதாகவும், தவணைத் தொகை மாறவில்லை என்றும் கொண்டால், அப்போது எஞ்சியிருக்கும் 29 லட்சத்து 28 ஆயிரத்துச் சொச்சத்தின் ஒரு மாத வட்டியே 23,185 ரூபாய். அசலுக்குப் போவது 74 ரூபாய். இந்த வேகத்தில் கடன் அடைய மேலும் ஏறத்தாழ 61 ஆண்டுகள் பிடிக்கும். உண்மையில் ஏற்றம் படிப்படியாக வந்தது, பல வங்கிகள் தவணையையும் உயர்த்தின என்றாலும், காலத்தை மட்டும் நீட்டிவிட்டுக் கடன்காரருக்கு முறையாகத் தெரிவிக்காத வழக்கம் பரவலாக இருந்ததால்தான், 2023 ஆகஸ்டு 18-ஆம் நாள் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டு, வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா காலத்தை நீட்டுவதா என்பதைக் கடன்காரரே தேர்ந்தெடுக்க வேண்டும் என்றும், தவணை வட்டிக்கே போதாத நிலை உண்டாகக் கூடாது என்றும் அறிவுறுத்தியது. 2025-இல் விகிதம் மீண்டும் இறங்கியபோது பலர் தவணைக் குறைப்பைக் கேட்டு வாங்கினர். பழைய தவணையையே வைத்துக்கொண்டு காலத்தைக் குறைத்திருந்தால் கிடைத்திருக்கும் ஆதாயம் பெரிது.

இதுவரை சொன்னவை எந்த ஊருக்கும் பொதுவானவை. வத்தலக்குண்டிலிருந்து ஏறும் மலைப்பாதையும் பழனியிலிருந்து வரும் சாலையும் சந்திக்கும் பெருமாள்மலை போன்ற ஊரில் இந்தக் கணக்கோடு வேறு சில இனங்களும் சேர்கின்றன. சமவெளியில் மண்ணைச் சமன்படுத்தி அடித்தளம் போடும் இடத்தில், சரிவில் முதலில் தடுப்புச் சுவர் எழுப்ப வேண்டும். மணலும் கம்பியும் சிமெண்டும் கொண்டை ஊசி வளைவுகளில் ஏறி வர வேண்டும். வடகிழக்குப் பருவமழைக் காலத்தில் வேலை நின்றுபோகும். கட்டுமானக் கடன் ஒரே தவணையில் கைக்கு வருவதில்லை. அடித்தளம், தளம், கூரை என்று வேலை வளர வளரப் பகுதி பகுதியாக விடுவிக்கப்பட்டு, முழுத் தொகையும் வரும்வரை விடுவித்த பணத்துக்கு வட்டி மட்டும் வாங்கப்படுகிறது. சராசரியாக 15 லட்சம் நிலுவையில் 18 மாதம் கட்டுமானம் இழுத்தால், 9 சதவீதத்தில் 2 லட்சத்து 2 ஆயிரத்து 500 ரூபாய் போய்விடும்; அசலில் ஒரு ரூபாயும் குறையாது. மழை தின்ற ஒவ்வொரு மாதமும் இந்தத் தொகையில் பதிவாகிறது.

நிலத்தின் சட்ட நிலை இன்னொரு செலவு. பழனி மலையின் பல கிராமங்களில் மனைப்பிரிவுக்கும் கட்டடத்துக்கும் மலைப்பகுதிப் பாதுகாப்பு ஆணையத்தின் அனுமதி தேவைப்படுகிறது; நிலம் பட்டாவில் விவசாய நிலமாக இருந்தால், 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டம் (நீதிமன்றத்துக்குப் போகாமலே அடமானச் சொத்தைக் கைப்பற்ற வங்கிக்கு அதிகாரம் தரும் சட்டம்) அதன்மீது செல்லாது என்பதால், வங்கிகள் வீட்டுக்கடன் தரத் தயங்குகின்றன. விவசாயியைக் காப்பதற்காக வைத்த விலக்கு, அவர் தம் நிலத்தில் வீடு கட்ட நினைக்கும்போது மலிவான கடனை எட்டாக்கனி ஆக்கிவிடுவது இச்சட்டத்தின் கசப்பான பக்கவிளைவு. அனுமதியில்லாதவர் நகைக்கடனுக்கோ தனியார் வட்டிக்கோ போகிறார். நூற்றுக்கு இரண்டு வட்டி என்று சாதாரணமாகச் சொல்லப்படுவது மாதத்துக்கு 2 சதவீதம், ஆண்டுக்கு 24 சதவீதம். 5 லட்சத்துக்கு மாதம் 10,000 ரூபாய் வட்டி கட்டிக்கொண்டே போனால் 50 மாதத்தில் வட்டி அசலுக்குச் சமமாகிவிடும், அசலோ அப்படியே நிற்கும். இருமடங்குக் கோட்டை வங்கிக் கடன் பதினெட்டரை ஆண்டில் தொடுகிறதென்றால், இது வீட்டுக்கு இரண்டாம் முறை வெள்ளையடிப்பதற்குள் வாசலுக்கு வந்துவிடும். மதுரை, திண்டுக்கல், தேனி வட்டாரத்தில் வழங்கும் ஒத்தி முறை இவ்விரண்டிலும் சேராது: வீட்டுக்காரர் ஒரு மொத்தத் தொகையைப் பெற்று, அதைத் திருப்பித் தரும்வரை பணம் தந்தவரை வாடகையின்றிக் குடியிருக்க விடுகிறார், வட்டியின் இடத்தில் குடியிருப்பு நிற்பதால் கடன் வளர்வதில்லை, ஆனால் குறைவதும் இல்லை.

பணவீக்கத்தைக் கணக்கில் கொள்ளாமல் இருமடங்கைப் பற்றிப் பேசுவது அரைகுறை வாதம் என்று பொருளியலார் சொல்வது நியாயமே. இருபதாம் ஆண்டில் கொடுக்கும் 26,992 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறும் என்று கொண்டு, 240 தவணைகளையும் இன்றைய மதிப்புக்கு மாற்றினால் கூட்டுத்தொகை ஏறத்தாழ 40 லட்சத்து 90 ஆயிரமாகச் சுருங்குகிறது. 64 லட்சத்தின் அச்சம் மூன்றில் ஒரு பங்குக்குமேல் குறைந்துவிடுகிறது. ஆனால் அந்தச் சுருக்கம், கடன்காரரின் வருமானமும் விலைவாசியோடு சேர்ந்து ஏறும் என்ற எடுகோளின்மீது நிற்கிறது. அரசு ஊழியருக்கு அகவிலைப்படி அந்த உறுதியைத் தருகிறது. காப்பி, மலைவாழை, சுற்றுலா ஆகியவற்றை நம்பிய குடும்பத்துக்கு அந்த உறுதி இல்லை. ஒரு காலத்தில் பழனி மலையின் பெரும் வருவாயாக இருந்த விருப்பாட்சி வாழையைக் கொத்துநோய் அழித்தது. 2018 நவம்பரில் கஜா புயல் கொடைக்கானல் பகுதியில் தோட்டங்களையும் சாலைகளையும் சிதைத்தது. மாடியில் இரண்டு அறை கட்டிச் சுற்றுலாப் பயணிகளுக்கு விட்டால் தவணை தானாக அடையும் என்ற கணக்கில் வாங்கிய கடன்களுக்கும் இதே சோதனை உண்டு: 2019-இல் நீதிமன்ற உத்தரவுப்படி கொடைக்கானலில் விதிமீறிய வணிகக் கட்டடங்கள் பூட்டி முத்திரையிடப்பட்டன, 2024 மே 7 முதல் வெளியூர் வாகனங்களுக்கு இ-பாஸ் வந்தது, 2025 ஏப்ரலில் நாளொன்றுக்கு 4,000, வார இறுதியில் 6,000 என்று வாகன எண்ணிக்கைக்கே வரம்பு வந்தது. மலையின் தாங்குதிறனைக் கருதினால் இந்தக் கட்டுப்பாடுகள் தேவையானவை. ஆனால் தவணைத் தேதி சீசனைப் பார்த்து வருவதில்லை.

வரிச்சலுகை பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. சொந்தக் குடியிருப்பின் வட்டிக்குப் பழைய வரிமுறையில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை இருந்த கழிவு, இப்போது இயல்பு முறையாகிவிட்ட புதிய வரிமுறையில் இல்லை. பதிவுச் செலவு இதைவிட முக்கியம்: தமிழ்நாட்டில் 2023 ஏப்ரல் முதல் விற்பனைப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதமும் பதிவுக் கட்டணம் 2 சதவீதமும் ஆக, 40 லட்ச ரூபாய்ச் சொத்துக்கு 3 லட்சத்து 60 ஆயிரம் கையிலிருந்து போக வேண்டும். கடன் காப்பீடு என்ற பெயரில் ஒரு லட்ச ரூபாய் ஒற்றைப் பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், அதே 9 சதவீதம், 20 ஆண்டுக் கணக்கில் அதன் விலை 2 லட்சத்து 16 ஆயிரம். தனியாக ஒரு காலவரைக் காப்பீடு எடுத்து ஆண்டுதோறும் பிரீமியம் கட்டுவதோடு இந்தத் தொகையை ஒப்பிட்ட பிறகே கையெழுத்திட வேண்டும்.

கடன்காரர் கையில் உள்ள வலுவான கருவி முன்கூட்டிச் செலுத்துதல். தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-இலேயே தடை செய்துவிட்டது. நாம் எடுத்துக்கொண்ட 30 லட்சக் கடனில், தவணையை மாற்றாமல் முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்ச ரூபாய் கூடுதலாகச் செலுத்தினால் கடைசியிலிருந்து 19 தவணைகள், அதாவது 5 லட்ச ரூபாய்க்கு மேல், உதிர்ந்துவிடும். அதே ஒரு லட்சத்தைப் பத்தாம் ஆண்டு முடிவில் செலுத்தினால் உதிர்பவை ஏறத்தாழ 9. காப்பி விலை கூடிய ஆண்டிலோ நல்ல சீசனுக்குப் பிறகோ கைக்கு வரும் பணத்துக்கு, வருமானம் ஒழுங்கற்ற மலைக் குடும்பங்களில், இதைவிட நல்ல இடம் குறைவு. ஆனால் ஆறு மாதத் தவணைக்கு ஈடான தொகையைத் தனியே ஒதுக்கி வைத்த பிறகே அதைச் செய்ய வேண்டும், ஏனெனில் கடனுக்குள் போன பணம் எளிதில் திரும்பாது. செலுத்தும்போது காலத்தைக் குறைக்குமாறு எழுத்தில் கேட்பதும் தேவை. இல்லையெனில் சில இடங்களில் தவணைத் தொகை குறைக்கப்பட்டு, ஆதாயத்தின் பெரும்பகுதி நழுவிவிடும்.

கடைசித் தவணை கட்டியதோடும் கணக்கு முடிவதில்லை. 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றச் சட்டத்தின் 58-ஆம் பிரிவில் சொல்லப்படும் ஆவண ஒப்படைப்பு அடமானத்தின்படி வங்கியிடம் கொடுத்த தாய்ப் பத்திரங்களை, கடன் தீர்ந்த 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும்; 2023 டிசம்பர் 1 முதல், தன் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடும் தர வேண்டும். அடமானக் குறிப்பாணை சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவாகியிருந்தால், கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தையும் அங்கே பதிவு செய்தாக வேண்டும்; அதுவரை வில்லங்கச் சான்றில் அந்த வீடு அடமானத்தில் இருப்பதாகவே காட்டும்.