11 மாத வேலை: வழக்குக்கு எத்தனை நாள் பொறுக்கலாம்?

வேலூர், திருப்பத்தூர் மாவட்ட இணையதளங்களில் நலவாழ்வுச் சங்கத்தின் ஆள்தேர்வு அறிவிப்புகள் அவ்வப்போது வரும். ஆய்வக நுட்பநர், மருந்தாளுநர், டேட்டா என்ட்ரி ஆபரேட்டர் என்று சில இடங்கள். 11 மாத ஒப்பந்தம், தொகுப்பூதியம். நிரந்தரம் கேட்க மாட்டேன் என்று எழுதியும் கொடுக்க வேண்டும். அப்படியும் ஆம்பூர் ஷூ கம்பெனியில் நாளெல்லாம் நின்று வேலை பார்க்கும் டிப்ளமாக்காரருக்கு அது ஒரு விடிவுதான். தன்னைவிட மதிப்பெண் குறைந்தவரை எடுத்துவிட்டார்கள் என்று கேள்விப்பட்டால் மனம் ஆறுமா?

உடனே கலெக்டர் அலுவலகத் திங்கள்கிழமை குறைதீர்வு நாளில் ஒரு மனு. பதில் வராது. முதல்வருக்கு இன்னொன்று, பிறகு நினைவூட்டல். வக்கீலைத் தேடிப் போகும்போது ஆண்டு ஒன்று ஓடியிருக்கும்.

அரசமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட இத்தனை நாள் என்று கெடு எதுவும் இல்லை. பலரை ஏமாற்றுவதே இதுதான். கெடு இல்லாவிட்டாலும், தாமதத்துக்குக் காரணம் சொல்லாதவரின் மனுவை நீதிமன்றம் தள்ளிவிடலாம். இதற்கு இன்றும் எடுத்துக்காட்டப்படுவது தமிழ்நாட்டு வழக்கு ஒன்று: 1974இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த சதாசிவசுவாமி வழக்கு. இளையவருக்குப் பதவி உயர்வு தந்ததை எதிர்த்து 14 ஆண்டு கழித்து வந்தவரிடம், ஆறு மாதத்தில், மிஞ்சிப்போனால் ஓராண்டில் வந்திருக்க வேண்டும் என்றது நீதிமன்றம்.

அது நிரந்தரப் பணிக்குச் சொன்ன கணக்கு. 11 மாத வேலைக்கு ஓராண்டு பொறுத்தால் ஒப்பந்தமே முடிந்துபோயிருக்கும். ரத்து செய்ய எதுவும் மிச்சமிருக்காது. இங்கே ஆறு மாதமே தாமதம் என்பேன். வாரக் கணக்கில் நகர வேண்டிய விஷயம் இது. ஒப்பந்த வேலைதானே என்று அலுவலகம் இஷ்டத்துக்கு ஆள் எடுக்க முடியாது, 14, 16ஆவது பிரிவுகள் அதற்கும் பொருந்தும். ஆனால் அந்த உரிமையைக் கேட்கும் காலம்தான் குறுகியது.

மனு மேல் மனு போட்டால் நாள் கணக்கு நிற்குமா? நிற்காது. தமிழ்நாடு புவியியல், சுரங்கத் துறையில் 1982இல் வேலை இழந்த தற்காலிக ஊழியர் 2000இல் மனு கொடுத்தார். அதைப் பரிசீலிக்க உத்தரவாகி, துறையும் மறுத்துப் பதில் தந்தது. அந்தப் பதிலைக் கொண்டு பழைய உரிமையை உயிர்ப்பிக்க முடியாது என்று 2008இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

நீதிமன்றம் இவ்வளவு கறாராக இருப்பதற்குக் காரணம், எதிர்ப்பக்கம் அரசு மட்டும் இல்லை என்பது. வேலைக்குச் சேர்ந்தவரும் அங்கே நிற்கிறார், பழைய வேலையை விட்டு வந்தவராகக்கூட இருக்கலாம். அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்காமல் அவர் நியமனத்தை ரத்து செய்யக் கேட்பது வீண்.

இந்தப் பக்கத்து ஆட்கள் ஒன்று கேட்பார்கள்: பாலாற்றுத் தோல் கழிவு வழக்கு 1991இல் போட்டது, 1996இல் தீர்ப்பு வந்தும், 2025 ஜனவரியில்கூட உச்ச நீதிமன்றம் அதே கழிவு விவகாரத்தில் உத்தரவு போடுகிறதே, அங்கே மட்டும் காலம் கடக்கவில்லையா? கழிவு ஓடும் ஒவ்வொரு நாளும் தீங்கு புதிதாக நடக்கிறது. நியமன ஆணை ஒரே நாளில் முடிந்துவிடும் செயல்; அதன் விளைவுதான் நீள்கிறது. மாதச் சம்பளத்தைக் குறைத்துக் கொடுப்பது கழிவு வகையைச் சேர்ந்தது. அதைத் தாமதமாகவும் கேட்கலாம், ஆனால் நிலுவை பெரும்பாலும் மூன்றாண்டுக்கு மேல் கிடைக்காது.

முறைகேடே பிந்தித்தான் தெரிந்தது என்றால்? பிரமாணப் பத்திரத்தில் எப்போது, எப்படித் தெரிந்தது என்று தேதிவாரியாகச் சொன்னால் நீதிமன்றம் கேட்கும். தகவல் உரிமைச் சட்டத்தில் பதிலுக்கு 30 நாள். தேர்வுப் பட்டியல் வெளியான வாரமே மதிப்பெண் விவரம் கேட்டு எழுதியவரின் ஒப்புகைச் சீட்டுக்கு அங்கே மதிப்பு உண்டு. பத்தாம் மாதம் எழுதியவரிடம், அதுவரை ஏன் பொறுத்தீர்கள் என்ற கேள்விதான் திரும்பி வரும்.