கிளட்ச் மேல் கால் வேண்டாம்!

சென்ற கோடை விடுமுறையில் குழந்தைகளோடு ஏற்காடு புறப்பட்டோம். நான்தான் ஓட்டினேன். எட்டாவது கொண்டை ஊசி வளைவில் ஆக்ஸிலேட்டரை மிதித்தால் எஞ்சின் உறுமுகிறதே தவிர, வண்டி ஏறவில்லை. தீய்ந்த நாற்றம் வேறு! பின்னால் லாரி. எனக்குக் கை காலெல்லாம் வெலவெலத்துப் போயிற்று. ஹேண்ட் பிரேக் போட்டு, சக்கரத்துக்குக் கல் வைத்து, குழந்தைகளை ஓரமாக இறக்கினோம்.

"கியர் பாக்ஸ் போச்சு!" என்றார் என் கணவர். சேலத்திலிருந்து வந்த மெக்கானிக், "கியர் பாக்ஸுக்கு ஒண்ணுமில்லேம்மா. கிளட்ச் பிளேட் தேஞ்சிருக்கு. ஓட்டறப்போ இடது காலை எங்கே வெப்பீங்க?" என்று கேட்டார். கிளட்ச் மேலேதான்! லேசாக அழுத்தினாலும் பிளேட் சரியாகப் பிடிக்காமல் உரசித் தேயுமாம்.

அன்று தெரிந்துகொண்டவை:

கியர் மாற்றியதும் காலைக் கிளட்சிலிருந்து எடுத்துவிடுங்கள்.

மேட்டில் நிற்கும்போது கிளட்சில் தாங்கிப் பிடிக்காமல் ஹேண்ட் பிரேக் போடுங்கள்.

சமதரையில் டாப் கியரில் போகும்போது ஆக்ஸிலேட்டரை மிதித்தால், எஞ்சின் சத்தம் மட்டும் எகிறி வேகம் கூடவில்லையா? பிளேட் தேய்ந்துவிட்டது என்று அர்த்தம்.

கிளட்சை முழுவதும் மிதித்தும் கியர் 'கரகர'வென்றால் பலவந்தமாகத் தள்ளாதீர்கள். கிளட்ச் கேபிளையோ, கிளட்ச் ஆயிலையோ பார்க்கச் சொல்லுங்கள்.

வண்டி முழுசாக நின்ற பிறகே ரிவர்ஸ் போடுங்கள்.

வண்டி நின்ற இடத்தில் எண்ணெய்க் கறை தெரிந்தால் உடனே காட்டுங்கள். கியர் ஆயில் குறைந்தால் உள்ளே பல்சக்கரங்கள் தேயும்.

வாசலில் கோலம் போடக் குனியும்போதே காருக்கடியிலும் ஒரு பார்வை பாருங்களேன்! பிள்ளைகளோடு நடுவழியில் தவிக்க வேண்டாமே.