எழுதியபடி வாழ்ந்த இதழாளர்

தமிழ் நாளேடுகளின் வரலாற்றை ஜி. சுப்பிரமணிய ஐயரிடமிருந்தே தொடங்க வேண்டும் என்பது என் கருத்து.

முத்துசாமி ஐயர் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியானதை ஆங்கிலேயர் நடத்திய ஏடுகள் சாடின. அதற்கு மறுமொழி கூற, ஆறு இளைஞர்கள் 1878 செப்டம்பர் 20 அன்று ‘தி ஹிந்து’வை வார இதழாகத் தொடங்கினர். முதல் இதழின் 80 பிரதிகள் ஒன்றேமுக்கால் ரூபாய் கடனில் அச்சாயின.

அறுவருள் ஒருவரான ஐயருக்கு அது போதவில்லை. ஆங்கிலம் அறியாத மக்களுக்கும் அரசியல் உரியது என்று எண்ணி, 1882-இல் ‘சுதேசமித்திரன்’ கண்டார். தமிழில் தலையங்கம் எழுதும் மரபு அங்கே வேரூன்றியது. 1904-இல் பாரதியை இதழியலுக்கு அழைத்து வந்ததும் அந்த ஏடே.

இவற்றினும் பெரிதாக நான் மதிப்பது வேறொன்று. கைம்பெண் மறுமணத்தை ஆதரித்து எழுதிய அவர், இளமையிலேயே கணவனை இழந்த தம் மகளுக்கு மறுமணம் செய்துவைத்தார். உறவும் சாதியும் விலக்கிவைத்தன, அவர் பணியவில்லை. 1908-இல் அரசு அவரைக் கைது செய்தது.

ஓர் ஏட்டின் நம்பகத்தன்மை அதன் விற்பனையில் இல்லை. அச்சிட்ட சொல்லுக்கு அதை நடத்துவோர் கொடுக்கத் துணியும் விலையில் இருக்கிறது. இன்றைய ஊடகங்களையும் இந்த அளவுகோலால் அளப்பதே முறை.