சமமான வண்டியில் தெரியும் திறன்

ஓட்டப் பந்தயத்தில் முதலில் வருபவரே விரைந்து ஓடியவர் என்பதில் யாருக்கும் ஐயமில்லை. மகிழுந்துப் பந்தயத்தில் அப்படிச் சொல்லிவிட முடியாது. வென்றது ஓட்டுநரின் திறனா, அவர் ஓட்டிய வண்டியின் வேகமா என்ற கேள்வி எப்போதும் எழுகிறது.

பீடோரிலிருந்து வடக்கு தெற்கு நெடுஞ்சாலை வழியே தெற்கு நோக்கிச் சென்றால், சில மணி நேரத்தில் சிப்பாங் பந்தயத் தடத்தை அடையலாம். 5.543 கிலோமீட்டர் நீளமுள்ள அத்தடத்தில் 1999ஆம் ஆண்டு முதல் 2017ஆம் ஆண்டு வரை ஃபார்முலா ஒன் பந்தயம் நடைபெற்றது. ஃபார்முலா ஒன் பந்தயத்தில் ஒவ்வொரு குழுவும் தன் வண்டியைத் தானே வடிவமைக்கிறது. பணமும் சிறந்த பொறியாளர்களும் உள்ள குழு விரைவான வண்டியை உருவாக்குகிறது. வசதி குறைந்த குழுவில் இருப்பவர் எவ்வளவு திறமையாக ஓட்டினாலும் பின்வரிசையிலேயே தங்கிவிட நேர்கிறது.

இந்த வேறுபாட்டை நீக்கினால் என்ன என்று சிலர் எண்ணினர். அதன் விளைவாக, அமெரிக்காவில் 1973ஆம் ஆண்டு அனைத்துலக வெற்றியாளர் பந்தயத் தொடர் ஒன்று தொடங்கியது. வெவ்வேறு பந்தயங்களில் புகழ்பெற்ற பன்னிரண்டு ஓட்டுநர்கள் அழைக்கப்பட்டனர். அனைவருக்கும் ஒரே வகையான போர்ஷே மகிழுந்துகள் கொடுக்கப்பட்டன. முதல் தொடரின் நான்கு பந்தயங்களில் மூன்றை வென்று மார்க் டோனஹியூ வெற்றியாளரானார்.

இதே எண்ணத்தில் ஐரோப்பாவில் 1988ஆம் ஆண்டு ‘வெற்றியாளர்களின் பந்தயம்’ தோன்றியது. பிரான்சு நாட்டின் புகழ்பெற்ற பெண் ஓட்டுநர் மிஷேல் மூட்டோனும் ஃப்ரெட்ரிக் யான்சனும் இதனைத் தொடங்கினர். 1986ஆம் ஆண்டு கோர்சிகா தீவில் நடந்த ரேலி பந்தயத்தில் உயிரிழந்த பின்லாந்து ஓட்டுநர் ஹென்றி டொய்வோனெனின் நினைவைப் போற்றுவதும் அவர்களின் நோக்கமாகும். தொடக்கத்தில் ரேலி ஓட்டுநர்கள் மட்டுமே மோதினர். பின்னர், ஃபார்முலா ஒன் உள்ளிட்ட பிற பந்தயங்களின் ஓட்டுநர்களும் இணைந்தனர். 1999ஆம் ஆண்டு முதல் நாடுகள் கிண்ணப் போட்டியும் நடத்தப்படுகிறது.

இப்பந்தயத்தின் அமைப்பு எளிமையானது, ஆனால் நுட்பமானது. பல போட்டிகளில் பெரிய விளையாட்டரங்கினுள் இரண்டு தடங்கள் அருகருகே அமைக்கப்படுகின்றன. ஒரே நேரத்தில் இருவர் மட்டுமே ஓட்டுவர். ஒருவர் உள்தடத்திலும் மற்றவர் வெளித்தடத்திலும் புறப்படுவர். ஒரு சுற்று முடிந்ததும், தடங்கள் பாலம் ஒன்றின் வழியே மேலும் கீழுமாகக் குறுக்கிட்டு இடம் மாறுகின்றன. இதனால் உள்தடத்தில் சென்றவர் வெளித்தடத்திற்கும், வெளித்தடத்தில் சென்றவர் உள்தடத்திற்கும் வருகின்றனர். முடிவில் இருவரும் ஒரே தொலைவைக் கடந்திருப்பர். வெளியேற்றுச் சுற்றுகளில் தோற்றவர் வெளியேற, வென்றவர் அடுத்த சுற்றுக்குச் செல்வார்.

மேலும், சுற்றுக்குச் சுற்று வண்டியின் வகை மாறக்கூடும். கூரையில்லாத இலகுவான வண்டியை ஓட்டியவர், சற்று நேரத்தில் கனமான மகிழுந்தில் அமர வேண்டியிருக்கும். பழகிப் பார்க்க அதிக நேரம் கிடைக்காது. ஆகையால், புதிய வண்டியின் தன்மையை விரைந்து உணர்ந்துகொள்பவரே முன்னேறுவார். வல்லவனுக்குப் புல்லும் ஆயுதம் என்ற பழமொழி இக்களத்திற்கு நன்கு பொருந்தும்.

சமமான களம் எதிர்பாராத முடிவுகளையும் தந்துள்ளது. 2010ஆம் ஆண்டு ஜெர்மனியின் டுசல்டோர்ஃப் நகரில் நடந்த போட்டியில், பரவலாக அறியப்படாத போர்த்துகல் இளைஞர் பிலிப்பே அல்புகெர்க் இறுதிச் சுற்றுக்கு வந்தார். அங்கு அவர் எதிர்கொண்டவர் உலக ரேலி வெற்றியாளர் பட்டத்தைப் பலமுறை வென்ற செபாஸ்டியன் லோப். அவரை வீழ்த்தி அல்புகெர்க் பட்டத்தைக் கைப்பற்றினார்.

தமிழ்நாட்டு ஓட்டுநர்கள் இருவரும் இக்களத்தில் முத்திரை பதித்துள்ளனர். கோயம்புத்தூரைச் சேர்ந்த நரேன் கார்த்திகேயன், 2005ஆம் ஆண்டு ஃபார்முலா ஒன் பந்தயத்தில் கலந்துகொண்ட முதல் இந்தியர் ஆவார். சென்னையைச் சேர்ந்த கருண் சந்தோக் 2010ஆம் ஆண்டு அக்களத்தில் இறங்கினார். கருண் 2010ஆம் ஆண்டிலும், நரேன் 2011, 2012ஆம் ஆண்டுகளிலும் எச்.ஆர்.டி. என்ற சிறிய குழுவுக்காக ஓட்டினர். அக்குழு போட்டியிட்ட மூன்று ஆண்டுகளிலும் ஒரு புள்ளிகூடப் பெறவில்லை. புள்ளிப் பட்டியலை மட்டும் பார்ப்பவர், இவ்விருவரையும் திறன் குறைந்தவர்கள் என்றே கருதக்கூடும்.

ஆனால், 2012ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் பேங்காக் நகரின் ராஜமங்கலா விளையாட்டரங்கில் நிலைமை மாறியது. அங்கு நடந்த வெற்றியாளர்களின் பந்தயத்தின் ஆசியப் பிரிவில் நரேனும் கருணும் இந்தியாவுக்காக ஓட்டிப் பட்டம் வென்றனர். சில வாரங்களுக்கு முன்பு வரை ஃபார்முலா ஒன் பந்தயத்தில் கடைசி வரிசைகளில் ஓடிய நரேன், சமமான வண்டி கிடைத்ததும் வெற்றி மேடையில் நின்றார். அதே அரங்கில் நடந்த நாடுகள் கிண்ணப் போட்டியில், மைக்கேல் ஷூமாக்கரும் செபாஸ்டியன் வெட்டலும் இடம்பெற்ற ஜெர்மனி தொடர்ந்து ஆறாவது முறையாக வென்றது. விரைவான வண்டிகளில் புகழ்பெற்ற அவ்விருவரும் சமமான வண்டியிலும் தங்கள் ஆற்றலை மெய்ப்பித்தனர்.

எனினும், இப்பந்தயம் தரும் சமத்துவத்திற்கும் ஓர் எல்லை உண்டு. அழைக்கப்பட்டவர்கள் மட்டுமே இதில் பங்கேற்க முடியும். அவ்வழைப்பைப் பெறும் நிலைக்கு உயர, சிறுவயது முதலே பயிற்சியும் பெரும் பொருட்செலவும் தேவைப்படுகின்றன. நரேனின் தந்தை ரேலி ஓட்டுநர். கருணின் தந்தையும் பந்தய ஓட்டுநரே. அத்தகைய குடும்பச் சூழல் அவர்களுக்கு ஊக்கமும் வாய்ப்பும் அளித்தது. அவ்வாய்ப்பு இல்லாத இளையோர் எத்தனையோ பேரின் திறன் வெளியே தெரியாமலே போகிறது.

ஆகவே, வெற்றி தோல்வியை மட்டும் கொண்டு ஒருவரின் ஆற்றலை முடிவு செய்துவிடக் கூடாது. அவருக்குக் கிடைத்த கருவி எத்தகையது, அவர் எந்த இடத்திலிருந்து புறப்பட்டார் என்பதையும் கேட்டறிய வேண்டும். திறனைச் சரியாக அளக்க விரும்புவோர் முதலில் களத்தைச் சமமாக்க வேண்டும்.