நாய் பூனைகளுக்கு ஊசிமருந்தின் அளவைக் கணித்தல்

நெல்வயலும் மரக்கறித் தோட்டமும் உடைய வீடுகளில் நாயும் பூனையும் இருப்பது வழக்கம். நாய் இரவிலே தோட்டத்தைக் காக்கின்றது. பூனை களஞ்சியத்து நெல்லை எலியிடமிருந்து காக்கின்றது. மாட்டுக்கு நோய் கண்டால் மிருக வைத்தியரை அழைக்கத் தயங்காத கமக்காரர், நாய்க்கோ பூனைக்கோ நோய் கண்டவிடத்து, மாட்டுக்கு வாங்கிய மருந்தில் மிஞ்சியதை எடுத்து, "மாட்டுக்குப் பத்து மில்லிலீற்றர் என்றால் பூனைக்கு ஒன்று போதாதா" என்று மனக்கணக்குப் போடுவதுண்டு. மிஞ்சிய புட்டி சில வேளைகளில் மரக்கறி லொறியுடன் கொழும்புக்குப் போய், கொட்டாஞ்சேனையிலுள்ள உறவினர் வீட்டுப் பூனைக்கும் உபயோகமாகின்றது. இத்தகைய மனக்கணக்கு பூனையின் கண்ணையும் நாயின் சிறுநீரகத்தையும் கெடுக்க வல்லது.

எந்த நோய்க்கு எந்த மருந்து என நிச்சயிப்பது மிருக வைத்தியரின் வேலை. அதில் வேறெவரும் தலையிடலாகாது. ஆயினும், அவர் எழுதித் தந்த அளவு கையிலுள்ள புட்டிக்குப் பொருந்துகின்றதா எனச் சரிபார்த்தல் வீட்டுக்காரராலும் இயலும். பூச்சிமருந்தைத் தெளிகருவியில் கரைக்கும்போது கமக்காரர் போடும் கணக்கே இதுவும். தோட்டத்தின் பரப்பு, பரப்புக்கு வேண்டிய மருந்து, மருந்தின் செறிவு ஆகிய மூன்றும் தெரிந்தால் எவ்வளவு ஊற்றுவது என்று தெரியும். இங்கே பரப்புக்குப் பதிலாகப் பிராணியின் நிறை வருகின்றது. நிறையை ஒரு கிலோகிராமுக்கு உரிய அளவாற் பெருக்கி, வரும் தொகையை ஒரு மில்லிலீற்றரில் அடங்கிய மருந்தின் அளவால் வகுத்தால், ஊசிக்குழலில் எடுக்கவேண்டிய மில்லிலீற்றர் கிடைக்கும்.

நிறை

கண்மதிப்பு இங்கே உதவாது. 200 கிலோகிராம் மாட்டை 20 கிலோகிராம் குறைத்து மதித்தாற் பிழை பத்தில் ஒரு பங்கு. மூன்று கிலோகிராம் பூனையை நான்கு என மதித்தாலோ பிழை மூன்றில் ஒரு பங்காகின்றது. நெல் நிறுக்கும் தராசில், மூடியுள்ள கூடையொன்றிற் பூனையை வைத்து நிறுத்து, பின்பு வெறுங்கூடையின் நிறையைக் கழித்துக்கொள்ளலாம். நாயை ஒருவர் தூக்கிக்கொண்டு தராசில் ஏறி நின்று, பின் தாம் மட்டும் ஏறி, இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைப் பார்க்கலாம். பழைய தராசுகள் இறாத்தலிலேயே காட்டுகின்றன. அந்த எண்ணை 2.2 ஆல் வகுத்தாலே கிலோகிராம் வரும். 26 இறாத்தல் நாய் ஏறக்குறைய 12 கிலோகிராமே. இறாத்தலைக் கிலோகிராம் என்று கொண்டவர் இரண்டு மடங்குக்கு மேலான மருந்தை ஏற்றிவிடுவார்.

புட்டியிலுள்ள எண்கள்

தவறு பெரும்பாலும் நிகழுமிடம் புட்டியின் சீட்டாகும். ஒரே பெயருள்ள மருந்து பல செறிவுகளில் விற்கப்படுகின்றது. ஒக்சிரெற்றாசைக்கிளின் என்னும் மருந்து 5, 10, 20 சதவீதக் கரைசல்களாகக் கிடைக்கின்றது. 10 சதவீதம் என்பது 100 மில்லிலீற்றரில் 10 கிராம், அதாவது ஒரு மில்லிலீற்றரில் 100 மில்லிகிராம். ஆகவே சதவீத எண்ணைப் பத்தாற் பெருக்கினால் ஒரு மில்லிலீற்றரிலுள்ள மில்லிகிராம் வந்துவிடும். 5 சதவீத மருந்துக்குச் சொல்லப்பட்ட மில்லிலீற்றரை 20 சதவீதப் புட்டியிலிருந்து எடுத்தவர் நான்கு மடங்கு கொடுத்தவராவார்.

பெனிசிலினுக்கு மில்லிகிராமன்றி 'அலகு' என்ற அளவு வழங்குகின்றது. இதற்குக் காரணம் அம்மருந்தின் வரலாறே. 1928இல் அலெக்சாந்தர் பிளெமிங் பூஞ்சணத்திலே கண்ட அப்பொருளை ஒக்ஸ்போர்ட்டில் புளோரியும் செயினும் ஹீற்லியும் பிரித்தெடுத்தபோது, அது மிகவும் கலப்புள்ளதாயிருந்தது. நிறுத்துப் பார்ப்பதிற் பயனில்லாமையால், கிருமியை எவ்வளவு தடுக்கின்றது என்பதைக்கொண்டே அளந்தனர். 1940 மே 25இல் எட்டு எலிகளுக்குக் கிருமியை ஏற்றி, நான்குக்கு மட்டும் பெனிசிலின் கொடுத்தபோது அந்நான்கும் பிழைத்தன; ஏனையவை இறந்தன. அவர்கள் எலிக்குப் பதிலாகக் கினிப்பன்றியை எடுத்திருந்தால் இம்மருந்தே கைவிடப்பட்டிருக்கலாம். ஏனெனில் மற்றைய பிராணிகளைக் காக்கும் பெனிசிலின் கினிப்பன்றியைக் கொல்ல வல்லது. ஒரு பிராணிக்கு ஆகும் மருந்து இன்னொன்றுக்கும் ஆகும் என்று எண்ணலாகாது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. பின்னர் தூய பெனிசிலின் கிடைத்ததும், 0.6 மைக்கிரோகிராம் தூய சோடியம் உப்பு ஓர் அலகு எனப்பட்டது. எனவே பத்து இலட்சம் அலகு என்பது 600 மில்லிகிராம் ஆகும்.

அலகு என்னும் சொல் இன்னுமோர் இடத்தில் ஏமாற்றும். நீரிழிவுக்காரர் உபயோகிக்கும் இன்சுலின் ஊசிக்குழலிலும் 'அலகு' எனக் கோடுகள் இடப்பட்டுள்ளன. அவை இன்சுலினுக்கே உரியவை. பெனிசிலின் அலகுக்கும் அவற்றுக்கும் தொடர்பேயில்லை. 100 அலகுக் குழலில் 100 அலகு சேர்ந்து ஒரு மில்லிலீற்றர். பூனைக்கு 0.3 மில்லிலீற்றர் போன்ற சிறு அளவுகளை எடுக்க, நூறு பிரிவுள்ள ஒரு மில்லிலீற்றர்க் குழலே ஏற்றது. ஐந்து மில்லிலீற்றர்க் குழலில் அச்சிறு அளவைக் கண்டுபிடித்தல் அரிது.

சில மாதிரிகள்

புறோகெயின் பெனிசிலின் ஒரு மில்லிலீற்றரில் 300,000 அலகு கொண்ட பால்போன்ற மருந்தாகக் கிடைக்கின்றது. ஒரு கிலோகிராமுக்கு 22,000 அலகு என வைத்தியர் எழுதினாரெனக் கொள்வோம். 12 கிலோகிராம் நாய்க்கு 264,000 அலகு வேண்டும். அதை 300,000ஆல் வகுக்க 0.88 மில்லிலீற்றர். 4 கிலோகிராம் பூனைக்கு 88,000 அலகு, ஏறக்குறைய 0.29 மில்லிலீற்றர். இம்மருந்தைத் தசையிலோ தோலின் கீழோ அன்றி இரத்தக் குழாயில் ஏற்றவே கூடாது.

நீடித்து வேலை செய்யும் அமொக்சிசிலின் ஒரு மில்லிலீற்றரில் 150 மில்லிகிராம் உடையது. கிலோகிராமுக்கு 15 மில்லிகிராம் என்பதால், பத்துக் கிலோகிராமுக்கு ஒரு மில்லிலீற்றர் என்று கணக்கு எளிதாகின்றது. வேண்டுமாயின் 48 மணித்தியாலத்துக்குப் பின் மறுபடி ஏற்றப்படும்.

தூளாக வரும் புட்டிகளிற் கவனிக்கவேண்டிய நுட்பம் ஒன்றுண்டு. நிறைகுடத்தில் நெல்லைப் போட்டால் நீர் வழிவதுபோல, தூளும் இடம் பிடிக்கின்றது. பத்து இலட்சம் அலகுப் பென்சைல் பெனிசிலின் தூள் ஏறக்குறைய 0.4 மில்லிலீற்றர் இடத்தை எடுத்துக்கொள்ளும். இரண்டு மில்லிலீற்றர்க் கரைசல் வேண்டுமாயின் 1.6 மில்லிலீற்றர் நீரே விடவேண்டும். அப்போது ஒரு மில்லிலீற்றரில் 500,000 அலகு இருக்கும். எவ்வளவு நீர் விடுவதெனச் சீட்டிலே அச்சிடப்பட்டிருந்தால் அதுவே முடிவு.

இன்னொரு குழப்பமும் அடிக்கடி நேர்வது. நாளொன்றுக்குரிய அளவு என்பதும் வேளையொன்றுக்குரிய அளவு என்பதும் வேறு. நாளுக்குரியதை இருவேளையாகப் பிரித்துக் கொடுக்கச் சொன்னால், முழு அளவையும் இருமுறை ஏற்றுவது இரட்டிப்பாகும். வைத்தியரிடம் கேட்டு எழுதிக்கொள்ளுதல் நன்று.

பூனைக்குள்ள ஆபத்து

பூனை சிறிய நாய் அன்று. அதன் உடல் மருந்துகளை வேறு முறையிற் கையாளுகின்றது. மனிதர் தலையிடிக்கு விழுங்கும் பனடோல் ஒரு வில்லையே பூனையைக் கொல்லப் போதும் என்பதைப் பலர் அறியார். ஊசிமருந்துகளுள் என்ரோபுளொக்சசின் முக்கியமானது. பூனைக்கு நாளொன்றுக்குக் கிலோகிராமுக்கு 5 மில்லிகிராமுக்கு மேற்படலாகாது; 20 மில்லிகிராமும் அதற்கு மேலும் கொடுத்த பூனைகளில் விழித்திரை கெட்டமை காணப்பட்டுள்ளது. அவ்விதம் போன பார்வை மீளாமற் போகலாம்.

முதலிற் சொன்ன மனக்கணக்கை இங்கே எண்ணாற் பார்க்கலாம். மாட்டுக்குரிய 10 சதவீதப் புட்டியில் ஒரு மில்லிலீற்றரில் 100 மில்லிகிராம் உண்டு. 200 கிலோகிராம் மாட்டுக்குப் பத்து மில்லிலீற்றர் என்பது கிலோகிராமுக்கு 5 மில்லிகிராமே. நான்கு கிலோகிராம் பூனைக்கு 20 மில்லிகிராம், அதாவது 0.2 மில்லிலீற்றர் உரியது. 'ஒன்று போதாதா' என்று ஒரு மில்லிலீற்றர் ஏற்றினால் கிலோகிராமுக்கு 25 மில்லிகிராம், ஐந்து மடங்கு. மாட்டின் பத்தில் ஒரு பங்கு என்று தோன்றிய அளவு பூனையைக் குருடாக்கப் போதுமானது. வளர்ந்துவரும் நாய்க்குட்டிகளுக்கு இதே மருந்து மூட்டுக் குருத்தெலும்பைக் கெடுக்கும்.

ஸ்ரெப்டோமைசின் வகை மருந்துகள் காதையும் உடலின் சமநிலையையும் தாக்குவன. பூனை இவற்றுக்கு எளிதில் ஆளாகும். மாட்டுக்கு விற்கப்படும் பெனிசிலின் புட்டிகள் சிலவற்றில் ஸ்ரெப்டோமைசினும் கலந்திருப்பதால், 'பெனிசிலின்தானே' என்று நம்பலாகாது. ஜென்ராமைசின் சிறுநீரகத்திற் சேர்ந்து தங்கக்கூடியது. வயிற்றோட்டத்தாலோ வாந்தியாலோ உடலில் நீர்வற்றிய நாய்க்கு, கணக்குச் சரியாயிருந்தாலும் தீங்கு நேரலாம். இவ்வகையை வீட்டிற் கணித்து ஏற்றவே வேண்டாம்.

குறைந்த அளவும் பாதுகாப்பன்று

மிகுதிக்கு அஞ்சிக் குறைத்துக் கொடுப்பதும், நாய் எழுந்து நடந்தவுடன் நிறுத்துவதும் சிலர் வழக்கம். தப்பிய கிருமிகள் மருந்துக்குப் பழகிவிடும் என 1945இல் நோபல் பரிசு பெற்றபோதே பிளெமிங் எச்சரித்தார். ஒரே பூச்சிமருந்தைக் குறைவாகத் தெளித்துத் தெளித்துப் பூச்சி சாகாத நிலையைக் கண்ட மரக்கறிச் செய்கையாளருக்கு இதை விரித்துரைக்க வேண்டியதில்லை.

நெற்செய்கையாளருக்கு இதிலே தம் உயிரைப் பற்றிய விடயமும் உண்டு. எலிக்காய்ச்சற் கிருமியை எலி மட்டுமன்றி நாயும் சிறுநீரில் வெளியிடும். 2008இல் இலங்கையில் 7,000க்கு மேற்பட்டோர் இந்நோய்ச் சந்தேகத்துக்குள்ளாயினர். வயலிற் சேற்றில் நிற்பவர்களே இதற்கு எளிதில் ஆளாகுவோர். கடும் நோயிலுள்ள நாய்க்குப் பெனிசிலின் உதவும். எனினும் சிறுநீரகத்திற் பதுங்கியுள்ள கிருமியை அகற்ற டொக்சிசைக்கிளின் தொடர்ந்து கொடுக்கப்படுகின்றது. பாதி மருந்தோடு நாய் துள்ளி ஓடினாலும், அது வரம்பிலே விடும் சிறுநீர் சுத்தமாகியிராது.

வாயிலிருந்து எச்சில் வடிந்து, தாடை தொங்கி, தொண்டையில் எலும்பு சிக்கியதுபோல நிற்கும் நாய்க்கு எந்த ஊசியும் ஏற்ற முயலவேண்டாம். வாயிற் கைவிடவும் வேண்டாம். அது நீர்வெறுப்பு நோயாயிருக்கலாம். அந்நோய்க் கிருமியை எந்த நுண்ணுயிர்கொல்லியும் அழிக்காது. நாயைத் தனியே அடைத்து மிருக வைத்தியருக்கு அறிவித்தல் வேண்டும். கடிபட்டவர் காயத்தைச் சவர்க்காரமிட்டு ஓடும் நீரிற் பதினைந்து நிமிடம் கழுவி, அன்றே வைத்தியசாலைக்குப் போகவேண்டும். இறந்த நாயின் தலையைக் கொழும்பு மருத்துவ ஆராய்ச்சி நிறுவகத்திற் பரிசோதிப்பிக்கலாம்.

புட்டியைப் பேணுதல்

பால்போன்ற மருந்துகள் நின்றால் அடியிற் படியும். குலுக்காமல் எடுத்தால் முதல் ஊசிகளில் மருந்து குறைந்தும், கடைசி ஊசிகளில் மிகுந்தும் இருக்கும். அதன்பின் எந்தக் கணக்கும் பலியாது. புறோகெயின் பெனிசிலினை 2 முதல் 8 பாகை வெப்பத்திற் குளிர்ப்பெட்டியில் வைத்தல் வேண்டும். லொறியின் முன்கண்ணாடிக்குப் பின்னால் வெயிலிற் கிடந்து கொழும்பு சேர்ந்த புட்டியை உபயோகிக்கலாகாது. திறந்த நாளைச் சீட்டிலே எழுதிவைக்கவேண்டும். உபயோகித்த ஊசிகளைக் குப்பையோடு மரக்கறிப் பாத்தியில் எறிந்தால், களை பிடுங்குபவரின் கையிற் குத்தும். அவற்றைத் தடித்த பிளாஸ்ரிக் போத்தலில் இட்டு மூடி, மிஞ்சிய மருந்துடன் மிருக வைத்தியரின் அலுவலகத்துக்கே கொண்டுபோய், எங்கே ஒப்படைப்பதென்று கேட்டுச் செய்தல் வேண்டும்.