எங்கே முறையிடுவது?

நாகபுரியில் வசிக்கும் என் நண்பர் ஒருவரின் வீட்டில் நிகழ்ந்த ஒரு சம்பவத்தைக் கூறி இந்தப் பேச்சைத் தொடங்குகிறேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை. ஊரிலிருந்து வந்திருந்த தாயார் தமிழ்ப் படம் ஒன்றைப் பார்க்க விரும்பினார். அந்தப் பக்கத்துத் தியேட்டர்களில் தமிழ்ப் படம் வருவது அபூர்வம். ஆகவே நண்பர் ஓடிடி சேவை ஒன்றுக்கு ஆண்டுச் சந்தா கட்டியிருந்தார். அன்று தொலைக்காட்சியில் அந்தச் செயலியைத் திறந்தபோது, ‘உங்களுக்குச் சந்தா இல்லை’ என்ற வாசகம் தோன்றியது. வங்கிக் கணக்கிலிருந்து பணம் போயிருந்தது, படமோ வரவில்லை.

நண்பர் என்ன செய்தார்? கைப்பேசியில் அந்தச் சேவையின் பெயரோடு ‘கஸ்டமர் கேர் எண்’ என்று சேர்த்துத் தேடினார். முதலில் தென்பட்ட எண்ணை அழைத்தார். மறுமுனையில் பேசியவர் மிகவும் மரியாதையாக, ‘பணத்தைத் திருப்பி அனுப்புகிறோம், இந்தச் செயலியை இறக்கிக்கொள்ளுங்கள், வந்த ஓடிபியைச் சொல்லுங்கள்’ என்றார். அரைமணி நேரத்தில், பொங்கலுக்குக் குடும்பத்தோடு ஊருக்குச் செல்லச் சேர்த்து வைத்திருந்த பணம் அவ்வளவும் பறிபோயிற்று. அந்த எண் அந்த நிறுவனத்தின் எண்ணே அன்று.

சில நூறு ரூபாய்க்கான குறையைத் தீர்க்கப் போய்ப் பல ஆயிரம் ரூபாயை இழந்தவர் இவர் ஒருவர் அல்லர். முறையிட வேண்டிய இடம் எது என்று அறியாமையே இதற்குக் காரணம். ஆதலின் அந்த இடங்களை வரிசையாகப் பார்ப்போம்.

முதலாவதாக, பணத்தை வாங்கியவர் யார் என்பதைத் தெளிந்துகொள்ள வேண்டும். ஓடிடி சந்தா மூன்று வழிகளில் நம்மிடம் வருகிறது. நேரே அந்தச் சேவைக்குப் பணம் கட்டுவது ஒன்று. கூகுள் பிளே, ஆப்பிள் ஆகியவற்றின் செயலிக் கடை வழியே கட்டுவது மற்றொன்று. கைப்பேசி ரீசார்ஜ் அல்லது வீட்டு இணைய இணைப்போடு சேர்ந்து வருவது மூன்றாவது. கடையில் கட்டிய பணத்தைச் சேவை நிறுவனத்திடம் கேட்டால், ‘எங்களிடம் பதிவு இல்லை’ என்றே விடை வரும். அவர்கள் பொய் சொல்வதாக எண்ணிச் சினம் கொள்வதில் பயனில்லை. வங்கியின் குறுஞ்செய்தியில் யார் பெயருக்குப் பணம் சென்றிருக்கிறது என்று பார்த்தால், எவரைக் கேட்பது என்பது விளங்கிவிடும்.

இரண்டாவதாக, உதவியைத் தேடும் வாயில் செயலிக்குள்ளேயே இருக்கிறது. பெரும்பாலும் நம் கணக்குப் பக்கத்தில் ‘ஹெல்ப்’ என்ற சொல்லின்கீழ் அதைக் காணலாம். தேடுபொறியில் கிடைக்கும் எண்ணை நம்ப வேண்டா. எவரும் எந்த எண்ணையும் விளம்பரமாகவோ பதிவாகவோ அங்கே இட்டுவிட முடியும். இன்னொன்றையும் நினைவில் கொள்ளுங்கள்: நமக்கு வரவேண்டிய பணத்தைப் பெற்றுக்கொள்ள யூபிஐ பின் எண் தேவையே இல்லை. எவரேனும் பின் எண்ணையோ ஓடிபியையோ கேட்டால், அக்கணமே பேச்சை முறித்துக்கொள்வதே அறிவுடைமை.

இங்கே மொழி பற்றி ஒரு வார்த்தை. இந்தியில் விரைந்து பேசும் குரலுக்கு முன் நம்மில் பலர் தடுமாறுகிறோம்; புரியாததற்கும் ‘சரி, சரி’ என்று சொல்லிவிடுகிறோம். பேசுவதைவிட எழுதுவது நலம். எழுதும்போது நாம் நிதானித்துக்கொள்ளலாம். பள்ளியில் படிக்கும் மகளின் உதவியையும் நாடலாம். எழுத வேண்டியவை நான்கே: பணம் கட்டிய நாள், தொகை, பரிவர்த்தனை எண், கணக்கில் பதிந்துள்ள கைப்பேசி எண் அல்லது மின்னஞ்சல். திரையில் தோன்றிய பிழைச் செய்தியை ஸ்கிரீன்ஷாட் எடுத்து இணையுங்கள். அவர்கள் தரும் புகார் எண்ணைக் குறித்து வையுங்கள். பின்னர் மேலே செல்ல நேர்ந்தால் அதுவே நமக்குச் சாட்சி.

மூன்றாவது செய்தி, ஊர்விட்டு ஊர் வந்த நமக்கே உரியது. நண்பரின் சந்தாவுக்கு உண்மையில் என்ன நேர்ந்தது தெரியுமா? அவர் தமிழ்நாட்டில் வைத்திருந்த பழைய எண்ணில் தொடங்கிய கணக்குக்கே பணம் போயிருந்தது. நாகபுரியில் வாங்கிய புதிய எண்ணைக் கொண்டு தொலைக்காட்சியில் நுழைந்ததும் புதிய கணக்கு ஒன்று உண்டாயிற்று. அதில் சந்தா இல்லை. சந்தா எங்கும் போகவில்லை. பழைய எண்ணில் பத்திரமாகவே இருந்தது!

ஆகவே மாநிலம் மாறுவோர் எண்ணை மாற்றுமுன் சற்றே யோசிக்க வேண்டும். 2015 ஜூலை முதல், நாட்டின் எந்தப் பகுதிக்குச் சென்றாலும் பழைய எண்ணையே வைத்துக்கொள்ளும் வசதி இருக்கிறது. எண்ணை விடுவதே முடிவானால், கணக்கில் புதிய எண்ணையும் மின்னஞ்சலையும் முதலில் பதிந்துவிடுங்கள். துண்டிக்கப்பட்ட எண் 90 நாட்களுக்குப் பின் வேறொருவருக்கு வழங்கப்படலாம்; நம் ஓடிபியும் அவரிடமே போய்ச் சேரும்.

நான்காவது, தானாகவே பணம் பிடித்துக்கொள்ளும் ஏற்பாடு. செயலியைக் கைப்பேசியிலிருந்து நீக்கிவிட்டால் சந்தா நின்றுவிடும் என்று பலரும் எண்ணுகின்றனர். அது தவறு. கணக்குப் பக்கத்திலோ, வாங்கிய செயலிக் கடையிலோ சந்தாவை ரத்து செய்தாலன்றி அது நிற்காது. யூபிஐ மூலம் இசைவு அளித்திருந்தால், ‘ஆட்டோபே’ பகுதியில் அந்த இசைவை நாமே நீக்கலாம். ரிசர்வ் வங்கியின் ஏற்பாடு 2021 அக்டோபர் 1 முதல் முழுமையாக அமலுக்கு வந்தது. இத்தகைய சந்தாக்களுக்குப் பணம் பிடிப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்பாக நமக்கு அறிவிப்பு வரவேண்டும் என்பதும், அப்போதே அதை மறுக்க வழி இருக்கவேண்டும் என்பதும் அதன் விதிகள். அந்தக் குறுஞ்செய்தியைப் படியாமல் அழித்துவிடாதீர்கள். சேர்வதை எளிதாக்கி, விலகுவதைக் கடினமாக்கும் சந்தாப் பொறியை, 2023 நவம்பரில் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் வெளியிட்ட நெறிமுறைகள் தடை செய்கின்றன.

இத்தனையும் செய்து பார்த்தும் விடை வரவில்லை என்று வைத்துக்கொள்வோம். அப்போது சட்டம் நமக்குத் துணை நிற்கிறது. 2020-ஆம் ஆண்டின் மின்வணிக விதிகளின்படி, நிறுவனம் குறைதீர்ப்பு அலுவலர் ஒருவரை நியமித்து, அவர் பெயரையும் தொடர்பு விவரத்தையும் தன் தளத்தில் வெளியிட வேண்டும். புகார் கிடைத்தமையை அவர் 48 மணி நேரத்துக்குள் ஒப்புக்கொண்டு, ஒரு மாதத்துக்குள் குறையைத் தீர்க்க வேண்டும். (படத்தின் உள்ளடக்கம் பற்றிய ஆட்சேபம் வேறு வகை. அதற்கு 2021-ஆம் ஆண்டின் தகவல் தொழில்நுட்ப விதிகள் 15 நாள் கெடு விதிக்கின்றன. பணக் குறையையும் இதையும் ஒரே கடிதத்தில் கலக்க வேண்டா.)

அதற்கடுத்த படி, தேசிய நுகர்வோர் உதவி எண்ணாகிய 1915. தேசிய விடுமுறை நாட்கள் நீங்கலாக, காலை 8 மணி முதல் இரவு 8 மணி வரை அழைக்கலாம். இச்சேவை 17 மொழிகளில் கிடைக்கிறது; அவற்றுள் தமிழும் ஒன்று. குவாஹாத்தியில் இருந்தாலும் சூரத்தில் இருந்தாலும் நம் மொழியிலேயே குறையைச் சொல்லலாம். இது நீதிமன்றம் அன்று. நம் புகாரை நிறுவனத்திடம் கொண்டுசேர்த்து, வழக்கின்றியே தீர்வு காண முயலும் அமைப்பு.

அதுவும் பயன்தராவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையம் இருக்கிறது. 2019-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், நம்மைப் போன்றோருக்கு அரியதோர் உரிமையை வழங்கியுள்ளது. 1986-ஆம் ஆண்டின் பழைய சட்டப்படி, எதிர்த்தரப்பினர் தொழில் நடத்தும் இடத்திலோ, வழக்குக்குக் காரணம் எழுந்த இடத்திலோதான் முறையிட முடியும். இன்றோ, முறையிடுபவர் வசிக்கும் இடத்திலோ வேலை பார்க்கும் இடத்திலோ முறையிடலாம். நிறுவனத்தின் தலைமையகம் மும்பையில் இருக்கலாம். நம் சொந்த ஊர் திருநெல்வேலியாக இருக்கலாம். நாம் குடியிருப்பது ஜாம்ஷெட்பூர் என்றால், ஜாம்ஷெட்பூரிலேயே முறையிட உரிமை உண்டு. செலுத்திய தொகை 5 லட்சம் ரூபாய்க்கு மேற்படாதாயின் கட்டணம் கிடையாது. காரணம் எழுந்த நாளிலிருந்து 2 ஆண்டுகளுக்குள் மனு அளிக்க வேண்டும். 2025 தொடக்கம் முதல் ‘இ-ஜாக்ரிதி’ என்னும் அரசுத் தளத்தின் வழியாக வீட்டிலிருந்தே மனுவை அனுப்பலாம்.

மோசடிக்கு இரையானவர் செய்யவேண்டியது வேறு. அவர் ஒரு நொடியும் தாமதியாமல் 1930 என்ற எண்ணை அழைத்து, தம் வங்கிக்கும் தெரிவிக்க வேண்டும். பணம் கணக்கு விட்டுக் கணக்கு தாவுமுன் அதைத் தடுத்து நிறுத்தும் வாய்ப்பு அந்த விரைவில்தான் இருக்கிறது. என் நண்பர் வெட்கத்தால் அன்றிரவு எவரிடமும் சொல்லவில்லை. மறுநாள் வங்கிக்குச் சென்றபோது பணம் கைமாறிவிட்டது. ஏமாந்தவர் நாண வேண்டியதில்லை. நாண வேண்டியவன் ஏமாற்றியவன்.

நண்பர் அந்த ஆண்டு பொங்கலுக்கு ஊர் செல்லவில்லை. பழைய எண்ணைக் கண்டுபிடித்து, கணக்கைச் சீராக்கி, தாயார் விரும்பிய படத்தைச் சில நாட்களுக்குப் பின் போட்டுக் காட்டினார். இப்போது அவர் வீட்டுத் தொலைக்காட்சிக்கு அருகில் 1915, 1930 என்ற இரண்டு எண்களும் எழுதி ஒட்டப்பட்டிருக்கின்றன. நேயர்களும் இன்றே தங்கள் இல்லத்தில் அவ்வாறு எழுதி வைக்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.